முன்மொழியப்படும் குசினி

தலைப்பை முதலில் எழுத வேண்டும்,
மலாயில், பெரிய எழுத்தில், வலது ஓரக் கட்டத்துக்குள்:
கூடுதல் குசினி ஒன்றைக் கட்டுவதற்கான முன்மொழிவு.
இருபத்து மூன்று வருஷம் ரசம் கொதித்த குசினி.
கூரைத் தகரத்தின் அடிப்பக்கம்
புகை படிந்து தார் போல மினுங்குகிறது.
ஆனாலும் நகராண்மைக் கழகத்துக்கு
அது இனிமேல்தான் கட்டப்படப் போகிறது.

நான் பிளான் வரைபவன்.
இந்தச் செம்பனைப் பட்டணத்தில் எல்லாரும்
கட்டி முடித்துத்தான் என்னைக் கூப்பிடுவார்கள்,
பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போன அன்றைக்குப்
பிள்ளைக்குப் பிறப்புப் பத்திரம் தேடுகிற மாதிரி.

டிசம்பருக்குள் விண்ணப்பித்தால் அபராதம் பாதி என்று
பஸ் நிலையத்தில் பதாகை தொங்கிய வாரம்
சாந்தகுமாரி வந்தார்.
தோட்டத்தை விற்றபோது கம்பெனி கட்டிக் கொடுத்த வீடு.
இரண்டு அறை, எட்டுப் பேர்.
கணக்கு அங்கேயே முடிஞ்சிருச்சே தம்பி என்றார்.

ஹஃபிஸ் டேப்பின் ஒரு முனையைப் பிடித்தான்.
பின்சுவரிலிருந்து சாக்கடை வரை பத்தடி விட வேண்டும்.
எட்டு இருந்தது.
தளர்த்திப் பிடித்து இன்னொரு தடவை அளந்தோம்.
எட்டேதான்.

கட்டிய தேதி என்று பாரத்தில் ஒரு கட்டம்.
"எழுதிக்குங்க. தீபாவளிக்கு முந்தின மாசம்,
சனி ஞாயிறு மட்டும், இருட்டினப்புறம்.
கல்லு, தோட்டத்து ஆஸ்பத்திரிய இடிச்சப்போ பொறுக்கினது.
சிமெண்டுக்கு மட்டும் காசு குடுத்தோம்."
நான் எழுதியது: 2001.

அடுத்த கட்டம்:
பக்கத்து வீட்டாரின் சம்மதம், கையொப்பம், அடையாள அட்டை எண்.
அங்கே அவர் பேனாவை மூடி வைத்தார்.

பரஞ்சோதியோடு பேச்சு நின்று பதினொரு வருஷம்.
கூரைத் தண்ணீர் யார் பக்கம் விழுவது என்ற சண்டை.
பரஞ்சோதி வீட்டிலும் அதே குசினி,
அதே வருஷம், அதே அனுமதியில்லாமை.
இரண்டுக்கும் நடுவில் ஒரே சுவர், நாலரை அங்குலம்.
எல்லைக்கல்லிலிருந்து நூல் பிடித்துப் பார்த்தேன்,
கோடு சுவரின் நடுவயிற்றில் போகிறது.
மாணிக்கவேலு அடுக்கியதா,
பரஞ்சோதியின் புருஷன் பூசியதா,
கேட்கலாமென்றால் இரண்டு பேருமே இல்லை.

பாரத்தை நான்தான் எடுத்துப் போனேன்,
பதினாறடி தூரம்.
கண்ணாடி போட்டுக்கொண்டு
மலாய்ப் பக்கங்களைக்கூட விடாமல் படித்தார் பரஞ்சோதி.
"செவுரு யாரு பேருல போடுவீங்க?"
பிளானில் சுவருக்குப் பேர் கிடையாதுங்க,
தடிமன்தான்.
அதைக் கொஞ்ச நேரம் யோசித்தார்.
"அப்போ எனக்கும் ஒண்ணு வரைஞ்சிருங்க.
அந்தம்மாவ எனக்குக் கையெழுத்துப் போடச் சொல்லுங்க."

(என் ஆபீஸ் மாடிப்படிக்கும் அனுமதி இல்லை.
இந்தக் கவிதைக்கு வெளியே
இதை நான் ஒத்துக்கொள்வதாக இல்லை.)

பங்குனியில் இரண்டு பிளானிலும் முத்திரை விழுந்தது.
நீல மை, கொஞ்சம் கோணல்.
குசினிகள் சட்டப்படி பிறந்தன,
ஆளுக்கு இரண்டடி குறைந்து.
சாந்தகுமாரியின் அடுப்பு அந்த இரண்டடியில்தான் இருந்தது.
அடுப்புக்கு நான் குறி போட்டிருக்கவில்லை.
யாரும் கேட்கவும் இல்லை.

நேற்று பார்க்கப் போனேன்.
இரண்டு வீட்டிலும் சுத்தியல் சத்தம்.
இந்தப் பக்கம் நின்றால்
அந்தப் பக்கமும் கொஞ்சம் நின்று, பிறகு தொடர்ந்தது.
மத்தியானத்துக்குள் பின்சுவர்கள் விழுந்து,
கல்லெல்லாம் துடைத்து அடுக்கியாகிவிட்டது.
நடுச்சுவரின் கடைசி இரண்டடி மட்டும்
கூரை இல்லாமல் வெயிலில் நிற்கிறது,
ஒரு முகத்தில் மஞ்சள் சுண்ணாம்பு, மறு முகத்தில் பச்சை.
அதை யார் இடிப்பது என்று
எந்தப் பாரத்திலும் கட்டம் இல்லை.
திங்கட்கிழமை அதிகாரி அளக்க வருகிறார்.